11 வயதுக்கு மேல் நம் பிள்ளைகள் எதைப் படிப்பது?

வணக்கம் நண்பர்களே. பாளையங்கோட்டையிலிருந்து பேசுகிறேன். பிள்ளைகளுக்கான புத்தகங்கள் என்று பொதுவாகப் பேசத் தொடங்கினால் தாலாட்டில் ஆரம்பித்துப் பொதுத்தேர்வு வரைக்கும் போய்விடும் என்பதால், இன்றைக்கு ஒரு குறிப்பிட்ட வயதுக்காரர்களைப் பற்றி மட்டும் பேசலாம் என்றிருக்கிறேன். 11 வயதைத் தாண்டி, 16 வயதை இன்னும் தொடாத பிள்ளைகள். படக்கதை வேண்டாம் என்று தள்ளிவிடுகிற, ஆனால் பெரிய நாவலைக் கையில் எடுக்கத் தயங்குகிற வயது அது.

அதற்குக் கீழே இருக்கிற பிள்ளைகளைப் பற்றி எனக்குப் பெரிய கவலை இல்லை. அழ. வள்ளியப்பாவின் பாட்டுகளும், கவிமணியின் வெள்ளைப் பசுவும், எட்டயபுரத்துக்காரர் பாடிய பாப்பாப் பாட்டும் இன்னும் வாய்வழியாகவே வீட்டுக்கு வந்து சேர்ந்துவிடுகின்றன. பள்ளிக்கல்வித் துறை வாசிப்பு இயக்கத்துக்காக வெளியிட்ட சின்னச் சின்னப் புத்தகங்கள், நுழை, நட, ஓடு, பற என்று படிப்படியாகப் பிள்ளையை அழைத்துச் செல்கின்றன. பிரதம் புக்ஸின் ஸ்டோரிவீவர் தளத்தில் தமிழ்ப் படக்கதைகளைக் காசில்லாமல் இறக்கிக்கொள்ளலாம், கைப்பேசி போதும். ஆக, முதல் 10 வயது வரைக்கும் தேடுகிறவர்களுக்குக் கிடைக்கிறது.

சிக்கல் அதற்குப் பிறகுதான். ஏழாம் வகுப்புப் படிக்கிற ஒரு பிள்ளையைக் கடைக்கு அழைத்துப்போய், தமிழில் உனக்குப் பிடித்ததை எடுத்துக்கொள் என்று சொல்லிப் பாருங்கள். ஒரு பக்கம் தெனாலிராமனும் முல்லாவும் இருப்பார்கள். அவர்களை அது மூன்றாம் வகுப்பிலேயே முடித்திருக்கும். இன்னொரு பக்கம் பொது அறிவுக் களஞ்சியமும், வெற்றிக்கு வழி சொல்லும் புத்தகங்களும் அடுக்கப்பட்டிருக்கும். அவற்றை வாங்கித் தர ஆசைப்படுவது நாம்தானே தவிர அது அல்ல. ஆங்கிலம் நன்றாகப் படிக்க வருகிற பிள்ளை இந்த இடத்தில் ஆங்கிலக் கதைகளுக்கு நகர்ந்துவிடும், அதில் எனக்கு வருத்தமில்லை. ஆங்கிலம் அந்த அளவுக்குக் கைவராத பிள்ளை வாசிப்பையே விட்டுவிடுகிறது. முக்கூடலில் அம்மா பீடி சுற்றிக்கொண்டிருக்கும் வீட்டிலும், ராதாபுரம் பக்கத்துச் செம்மணல் தேரிக்காட்டு ஊர்களிலும் வளர்கிற பிள்ளைகளில் பெரும்பாலோர் இந்த இரண்டாவது வகை.

இதற்கெல்லாம் தமிழில் அந்த வயதுக்கு எழுத ஆளில்லை என்று காரணம் சொல்வது வழக்கம். எனக்கு அதில் உடன்பாடு இல்லை. எழுதியிருக்கிறார்கள், நம் சீமையில் எழுதியிருக்கும் அளவுக்கு வேறெங்கும் எழுதியிருக்கிறார்களா என்பதே எனக்குச் சந்தேகம். ஆனால் அந்தக் கதைகள் பெரியவர்களின் அலமாரியில் இருக்கின்றன. விருது பெற்ற இலக்கியம் என்று நாம் உயரத்தில் வைத்துவிட்ட கதைகளில் பல, பிள்ளைகளின் கண்ணால் பார்த்து, பிள்ளைகளின் நியாயத்தைப் பேசுகிறவை.

கோவில்பட்டிக்கும் கயத்தாறுக்கும் இடையில் இடைசெவல் என்று ஒரு கரிசல் ஊர். இன்றைக்குத் தூத்துக்குடி மாவட்டம் என்றாலும் 1986 வரை அது திருநெல்வேலி மாவட்டம்தான். அந்த ஒரே ஊரிலிருந்து கி. ராஜநாராயணனும் கு. அழகிரிசாமியும் வந்தார்கள், இருவரும் சாகித்ய அகாதெமி விருது பெற்றவர்கள். மழைக்குத்தான் பள்ளிக்கூடம் பக்கம் ஒதுங்கியதாகவும், ஒதுங்கியபோதும் பள்ளிக்கூடத்தைப் பார்க்காமல் மழையையே பார்த்துக்கொண்டு நின்றுவிட்டதாகவும் தன்னைப் பற்றிச் சொல்லிக்கொண்டவர் கி.ரா. அப்படிப்பட்டவருடைய கதைகளைப் பிள்ளைகளுக்குக் கொடுக்காமல் வேறு யாருக்குக் கொடுப்பது?

அவருடைய ‘கதவு’ சிறுகதையை எடுத்துக்கொள்ளுங்கள். ஓர் ஏழை வீட்டின் கதவுதான் அந்தத் தெருப் பிள்ளைகளுக்கு வண்டி. அதில் ஏறிக்கொண்டு, டிக்கெட் கொடுத்து, ஆட்டி ஆட்டித் திருநெல்வேலிக்கே போய் இறங்கிவிடுகிறார்கள். அந்த வீட்டுச் சிறுமி லட்சுமி, தீப்பெட்டிப் படம் ஒன்றைக் கொண்டுவந்து அந்தக் கதவில் ஒட்டுகிறாள். தீப்பெட்டி ஆபீஸ்கள் நிறைந்த ஊர்ப்பக்கத்துப் பிள்ளை வேறு எதை ஒட்டும்? பிறகு ஒரு நாள், தீர்வை பாக்கிக்காகத் தலையாரி வந்து அந்தக் கதவைக் கழற்றிக்கொண்டு போய்விடுகிறான். வாடைக் காற்று வீட்டுக்குள் நுழைகிறது. அதற்கு மேல் நான் சொல்லப்போவதில்லை. கதவு பறிபோனதைப் பெரியவர்கள் அவமானமாகவும் நஷ்டமாகவும் பார்க்கும்போது, பிள்ளைகளுக்கு அது கூடவே விளையாடிய ஒரு தோழனின் பிரிவு. அரசாங்கம், வரி, வறுமை என்ற சொற்களில் ஒன்றைக்கூட விளக்காமல் அத்தனையையும் 12 வயதுப் பிள்ளைக்குப் புரியவைத்துவிடுகிற கதை இது. சமூக அறிவியல் பாடத்தில் ஒரு வருடம் நடத்தினாலும் இவ்வளவு ஏறாது என்று நான் சொன்னால் ஆசிரிய நண்பர்கள் கோபித்துக்கொள்ளக் கூடாது.

அழகிரிசாமியின் ‘அன்பளிப்பு’ இன்னும் நுட்பமானது. பத்திரிகை அலுவலகத்தில் வேலை பார்க்கும் ஒருவர். அக்கம்பக்கத்து வீட்டுப் பிள்ளைகள் அவருடைய புத்தக அலமாரியைச் சூறையாடுகிற அளவுக்கு உரிமையோடு பழகுகிறார்கள். அவர் இரண்டு பிள்ளைகளுக்கு டைரி கொடுக்கிறார். சாரங்கன் என்ற பையனுக்குக் கொடுக்கவில்லை. கொடுக்கக் கூடாது என்றெல்லாம் நினைக்கவில்லை, அவனைப் பற்றி அவர் யோசிக்கவில்லை, அவ்வளவுதான். சாரங்கன் அழவில்லை, சண்டை போடவில்லை. ஒரு ஞாயிற்றுக்கிழமை அவரைத் தன் வீட்டுக்கு அழைத்து உபசரித்துவிட்டு, தானே வைத்திருக்கும் ஒரு டைரியைக் கொண்டுவந்து நீட்டி, அதில் தன் பெயரைப் போட்டு, பிரியத்தோடு கொடுக்கும் அன்பளிப்பு என்று அவர் கையாலேயே எழுதித் தரச் சொல்கிறான். கதை அங்கே முடிந்துவிடுகிறது.

இந்தக் கதையை எங்கள் வீட்டில் எட்டாம் வகுப்புப் படிக்கும் அண்ணன் மகளுக்கு வாசித்துக் காட்டினேன். முடித்ததும் நான் ஒன்றும் கேட்கவில்லை. சிறிது நேரம் கழித்து அவளே, “அந்த மாமா நல்லவருதானே அத்தை, பெறகு ஏன் அப்படிப் பண்ணாரு?” என்றாள். கெட்டவர் யாருமே இல்லாத இடத்திலும் ஒரு பிள்ளையின் மனம் நோகலாம் என்பதை அவள் அந்தக் கேள்வியிலேயே பிடித்துவிட்டாள். நல்லவன் வாழ்வான், கெட்டவன் தண்டிக்கப்படுவான் என்று முடிகிற நீதிக்கதைகளை அந்த வயதுப் பிள்ளைகள் ஏன் நம்ப மறுக்கிறார்கள் என்பதும் எனக்கு அன்றைக்குத்தான் விளங்கியது.

அவருடைய ‘ராஜா வந்திருக்கிறார்’ கதையைத் தீபாவளிக்கு முந்தின வாரம் வீட்டில் எல்லோரும் உட்கார்ந்து வாசிக்கலாம். மற்றொரு வீட்டுக்குப் பட்டும் பவிசுமாக மாப்பிள்ளை ராஜா வந்திருக்க, இந்த வீட்டுக்கு உடம்பெல்லாம் சிரங்கோடு, நாதியற்ற ஒரு பையன் வந்து சேர்கிறான். அவன் பெயரும் ராஜா. இல்லாத வீட்டுத் தாய் அவனுக்கு எண்ணெய் தேய்த்துக் குளிப்பாட்டுகிற பகுதியைச் சத்தம்போட்டு வாசிக்கும்போது குரல் கம்மாமல் பார்த்துக்கொள்வது கொஞ்சம் சிரமம்.

நெல்லை டவுனிலேயே நடக்கிற கதை வேண்டுமென்றால் வண்ணதாசனின் ‘நிலை’ இருக்கிறது. ஆனித் தேரோட்டத்தன்று ஊரே ரத வீதியில் நிற்கும்போது, வீட்டு வேலைக்கு நிற்கும் கோமு என்ற சிறுமிக்கு மட்டும் தேர் பார்க்க முடியவில்லை. நம் பிள்ளைகள் வருடந்தோறும் அந்த வடத்தைத் தொட்டுக் கும்பிட்டவர்கள். இந்தக் கதையைப் படித்துவிட்டு அடுத்த ஆனியில் வாகையடி முக்கில் போய் நிற்கிற பிள்ளை, கூட்டத்தில் யார் யார் இருக்கிறார்கள் என்று பார்ப்பதோடு யார் யார் வரவில்லை என்றும் யோசிக்கும்.

இங்கே இரண்டு தடைகளைச் சிலர் சொல்வார்கள். ஒன்று, மொழி. கி.ராவின் கரிசல் பேச்சு பிள்ளைகளின் எழுத்துத் தமிழைக் கெடுத்துவிடும், தேர்வில் அப்படியே எழுதிவைப்பார்கள் என்கிறார்கள். சென்னைப் பிள்ளைக்கு அருஞ்சொல் அகராதி தேவைப்படலாம். கோவில்பட்டிப் பிள்ளைக்கு ஆச்சி பேசுவது அப்படியே அச்சில் வந்திருக்கிறது என்கிற சந்தோஷம்தான் வரும். வீட்டில் பேசுகிற மொழி புத்தகத்தில் இடம்பெறத் தகுதியற்றது என்று நினைத்து வளர்கிற பிள்ளை வாய்திறந்து பேசவே கூச்சப்படும் என்பதை நம் கல்லூரி நேர்முகத் தேர்வுகளில் வருடாவருடம் பார்க்கிறோம்.

மற்றது கனமான தடை. இந்தக் கதைகளில் சாவு இருக்கிறது, பசி இருக்கிறது, சாதி இருக்கிறது, இதையெல்லாம் பிள்ளைகளிடம் கொண்டுபோகலாமா என்பது. ‘கதவு’ கதையில் ஒரு கைக்குழந்தை இறந்துபோகிறது. ஆகவே பிள்ளையைத் தனியே படிக்கவிடாமல் நாமும் கூட உட்கார்ந்து வாசிக்க வேண்டும் என்பதை ஒப்புக்கொள்கிறேன். கொடுக்கவே கூடாது என்பதை ஒப்புக்கொள்ள முடியவில்லை. ஏனென்றால், நம் பிள்ளைகள் இவற்றையெல்லாம் புத்தகத்தில்தான் முதன்முதலாகப் பார்க்கப்போகிறார்கள் என்பது நம்முடைய கற்பனை. 2023 ஆகஸ்டில் நாங்குநேரியில் பள்ளி மாணவன் ஒருவனையும் அவன் தங்கையையும் வீடு புகுந்து அரிவாளால் வெட்டியவர்கள் அவனோடு படித்த மாணவர்கள். அதன் பிறகு, பள்ளிகளில் சாதி மோதலைத் தடுக்க வழி சொல்ல ஓய்வுபெற்ற நீதிபதி சந்துரு தலைமையில் ஒருநபர் குழு அமைக்கப்பட்டு, 2024-இல் அறிக்கையும் வந்தது. கையில் கட்டும் கயிற்றின் நிறத்தை வைத்தே யார் எந்தச் சாதி என்று பிள்ளைகள் கண்டுகொள்கிற வகுப்பறைகள் உள்ள மாவட்டத்தில் உட்கார்ந்துகொண்டு, கதையில் சாதி வருகிறதே என்று கவலைப்படுவது எனக்கு விசித்திரமாகப் படுகிறது.

அதனால்தான் 15 வயதுப் பிள்ளைகளுக்குப் பூமணியின் ‘வெக்கை’ நாவலைத் துணிந்து கொடுக்கச் சொல்கிறேன். 1982-இல் வந்த நாவல். அண்ணனைக் கொன்றவனை வெட்டிவிட்டு ஓடும் சிதம்பரத்துக்கும் வயது 15-தான். வெட்டியதோடு கதை முடிந்துபோகவில்லை, அங்கேதான் தொடங்குகிறது. அப்பனும் மகனுமாகக் காட்டிலும் மலையிலும் ஒளிந்து திரிகிற அந்த நாட்களில் அவனுக்குப் பசிக்கிறது, தூக்கம் கெடுகிறது, வீட்டு நினைப்பு வாட்டுகிறது. கிடைத்ததைப் பொங்கித் தின்றுகொண்டு, கோர்ட்டில் சரணடைவது வரைக்கும் நடக்க வேண்டியிருக்கிறது. அரிவாள் தூக்கியவனை அந்த நாவல் வீரனாக்கவும் இல்லை, அவன் பக்கத்து நியாயத்தை மறைக்கவும் இல்லை. இதைத் தழுவி 2019-இல் வந்த ‘அசுரன்’ படத்தைப் பார்த்துவிட்டோமே என்று பிள்ளைகள் சொல்வார்கள். படம் அப்பனுடைய கதையாகிவிட்டது. நாவல் பையனுடையது, அதைப் படித்தே ஆக வேண்டும்.

இப்போது எழுதுகிறவர்களையும் சொல்லாமல் விடக் கூடாது. கோவில்பட்டி உதயசங்கர், கீழடியைப் பின்னணியாக வைத்து எழுதிய ‘ஆதனின் பொம்மை’க்காக 2023-இல், சாகித்ய அகாதெமி சிறார் இலக்கியத்துக்குத் தரும் பால சாகித்ய புரஸ்கார் விருதைப் பெற்றார். யெஸ். பாலபாரதியின் ‘மரப்பாச்சி சொன்ன ரகசியம்’ அதே விருதை 2020-இல் பெற்றது. பெரியவர்களின் தவறான தொடுகையைப் பற்றிப் பிள்ளைகளிடம் எப்படிப் பேசுவது என்று திண்டாடுகிற பெற்றோர், பிள்ளைக்குக் கொடுப்பதற்கு முன்னால் தாங்கள் ஒருமுறை படித்துவிட வேண்டிய நூல் அது. பொதுவாக நம் சிறார் நாவல்களில் எனக்குள்ள ஒரே குறை, கடைசி அத்தியாயத்தில் எழுத்தாளர் எழுந்து நின்று பிள்ளைக்குப் புத்தி சொல்ல ஆரம்பித்துவிடுவதுதான். அழகிரிசாமி அதைச் செய்யவே மாட்டார்.

எந்த வரிசையில் கொடுப்பது என்று கேட்டால், 11, 12 வயதில் ‘ராஜா வந்திருக்கிறார்’, அதையடுத்துக் ‘கதவு’, பறவைகளின் பின்னால் அலையும் சிறுவனைப் பற்றிக் கி.ரா. எழுதிய ‘பிஞ்சுகள்’, 13 வயதுக்கு மேல் ‘அன்பளிப்பு’, ‘நிலை’, ‘வெக்கை’ கடைசியில். முதல் கதையை நீங்களே வாசித்துக் காட்டுங்கள், அடுத்த கதையைப் பிள்ளையை உங்களுக்கு வாசித்துக் காட்டச் சொல்லுங்கள். கதை முடிந்த கையோடு இதிலிருந்து என்ன தெரிந்துகொண்டாய் என்று மட்டும் கேட்டுவிடாதீர்கள். கேட்டால் அடுத்த நாள் புத்தகத்தைத் தொடாது.

எல்லாவற்றையும் விலைகொடுத்து வாங்க வேண்டும் என்பதில்லை. பாளையங்கோட்டை மாவட்ட மைய நூலகத்திலோ உங்கள் ஊர்க் கிளை நூலகத்திலோ கேட்டுப் பாருங்கள். சிறுவர் பகுதியில் தேடிவிட்டு இல்லையென்று திரும்பிவிடாமல், பெரியவர்களுக்கான சிறுகதை வரிசையில் ஆசிரியர் பெயரைச் சொல்லித் தேடுங்கள். உங்கள் உறுப்பினர் அட்டையில் எடுத்து, வீட்டில் பிள்ளையின் கையில் கொடுங்கள்.