சுவர் இருந்தால்தான் சித்திரம்: ஹன்னா ஷிகுல்லா பற்றி ஓர் உரை

அவைத் தலைவர் அவர்களே, திரைப்படச் சங்கச் செயலாளர் அவர்களே, அரங்கம் தந்துதவிய கல்லூரி முதல்வர் அவர்களே, முன்வரிசையில் வீற்றிருக்கும் ஒளிப்பதிவாளர் பெருமக்களே, வணக்கம்.

ஜெர்மன் நடிகை ஹன்னா ஷிகுல்லாவின் திரை, தொலைக்காட்சி என இரண்டையும் சொல்ல வந்திருக்கிறேன். சுவரை வைத்துத்தான் சித்திரம் எழுத வேண்டும் என்பார்கள். அவர் நடிப்பு சித்திரம், படச்சுருள்தான் சுவர்.

மியூனிக் நடிப்புப் பள்ளியில், பின்னாளில் இயக்குநரான ஃபாஸ்பிண்டரைச் சந்தித்தவர். 1974-இல் வந்த 'எஃபி பிரீஸ்ட்' படத்தில் இருவருக்கும் மனத்தாங்கல். சில ஆண்டுகள் பிரிவு. திரும்பி வந்து நடித்ததுதான் 'மரியா பிரவுனின் திருமணம்'. 1979 பெர்லின் திரைப்பட விழாவில் சிறந்த நடிகைக்கான வெள்ளிக் கரடி விருது வாங்கித் தந்த படம்.

அதன் கடைசிக் காட்சியைக் கேளுங்கள்! மரியா கேஸ் அடுப்பில் சிகரெட் பற்றவைக்கிறாள். சுடரை ஊதி அணைக்கிறாள், குழாயை மூடவில்லை. வானொலியில் 1954 உலகக் கோப்பைக் கால்பந்து இறுதியாட்டம், ஜெர்மனிக்கும் ஹங்கேரிக்கும். இறந்த காதலனின் உயில் படிக்கப்படுகிறது, தன்னை வைத்து அவனும் கணவனும் ஒப்பந்தம் போட்டது தெரிகிறது. மறுபடி சிகரெட்டுக்கு அடுப்படிக்குப் போகிறாள். வீடு வெடிக்கிறது. வர்ணனையாளரோ "ஜெர்மனி உலக சாம்பியன்!" என்று கத்துகிறார். நாடு ஜெயித்த நிமிடத்தில் அவள் இல்லை. அந்த முகத்தின் களைப்பை ஷிகுல்லா வசனமில்லாமலே காட்டுகிறார்.

தொலைக்காட்சிக்கு வருவோம். 1972-இல் ஃபாஸ்பிண்டர் இயக்கி இவர் நடித்த 'எட்டு மணி நேரம் ஒரு நாளல்ல' தொடர். எட்டுப் பகுதி திட்டமிட்டு ஐந்தோடு நிறுத்தினார்கள். 1980-இல் 'பெர்லின் அலெக்சாண்டர்பிளாட்ஸ்', 13 பகுதியும் ஒரு முடிவுரையும், 16 மி.மீ. சுருளில். அன்றைய வீட்டுப் பெட்டிகளில் படம் இருட்டாக இருக்கிறது என்று மக்கள் குறைபட்டார்கள். சுருள் பத்திரமாக இருந்ததால் 2007-இல் சீரமைத்துப் பெர்லின் விழாவில் திரையிட முடிந்தது. முதல் தொடருக்கும் 2017-இல் அதே வாழ்வு. சுவர் நின்றது, சித்திரம் நின்றது.

நம் முதல் தமிழ்ப் பேசும்படம், 1931 'காளிதாஸ்' எங்கே? ஒரு பிரதிகூட இல்லை. அதனால்தான் கேட்கிறேன்: பரணில் பழைய படச்சுருள் டப்பா இருந்தால் திறந்து முகருங்கள். வினிகர் வாடை அடித்தால், சுருள் செய்யப்பட்ட அசிடேட் என்ற பிளாஸ்டிக் சிதையத் தொடங்கிவிட்டது. சுருள் சுருங்கும், ஓரத்துத் துளைகள் புரொஜக்டரின் பற்சக்கரத்தில் பொருந்தாது, புரொஜக்டரில் ஏற்றினால் கிழியும். ஏற்றாதீர்கள். அந்த ஆவி பக்கத்துச் சுருளையும் கெடுக்கும், பிரித்து வையுங்கள். ஈரப்பதம் 50 விழுக்காட்டைத் தாண்டாத குளிர்ந்த அறை போதும். பிறகு ஆவணக் காப்பகத்துக்கு எழுதுங்கள். கடிதம் எழுத எங்கள் சங்கத்தார் துணை நிற்பார்கள்.