கழிப்பறையில் காத்திருந்த மஃப்டி போலீஸ்

வணக்கம். கழிப்பறையைப் பற்றியா பேச வந்திருக்கிறார் என்று ரேடியோவை அணைத்துவிடாதீர்கள். சொல்லப்போவது 1950-களின் லண்டன் கதை.

அப்போது இங்கிலாந்தில் ஆணும் ஆணும் உறவு வைத்துக்கொண்டால் குற்றம், சொந்த வீட்டில் கதவைச் சாத்திக்கொண்டாலும் குற்றம்தான். பலருக்கு வீடே கிடையாது, ஒரு வாடகை அறை, வருகிறவர் போகிறவரைக் கவனிக்க வீட்டுக்காரம்மா வேறு. மிச்சமிருந்தது பொதுக் கழிப்பறை. ஏன் உள்ளே போகிறாய் என்று யாரும் கேட்க மாட்டார்கள். குமாஸ்தா, மூட்டை தூக்குகிறவர், பிரபு எல்லோரும் பக்கத்தில் பக்கத்தில் நின்றது அங்கேதான். பேச்சே இல்லை. வந்த வேலை முடிந்தும் நகராமல் நிற்பது, ஒரு ஓரப்பார்வை, பதிலுக்கு ஒரு பார்வை வந்தால் லேசாகத் தலையசைப்பு. பேர் கேட்டாலும் உண்மைப் பேர் வராது.

போலீசுக்கும் இது தெரியும். பார்க்க லட்சணமான இளம் காவலர்களை மஃப்டியில் அனுப்புவார்கள், அவர்களும் அதே மாதிரி நின்று, யாராவது சிரித்தால் பிடித்துக்கொண்டு போவார்கள். ஆசை காட்டிவிட்டுக் கைது செய்வதற்குச் சம்பளம்!

1953 அக்டோபரில் லண்டனின் செல்சி பகுதியில் அப்படிச் சிக்கியவர் நடிகர் ஜான் கீல்குட். ‘காந்தி’ படத்தில் வைஸ்ராய் இர்வினாக வருவாரே, அவர்தான். சர் பட்டம் கிடைத்து சில மாதங்கள்தான் ஆகியிருந்தன. ஸ்டேஷனில் ‘ஆர்தர் கீல்குட், குமாஸ்தா’ என்று சொல்லிப் பார்த்தார். மறுநாள் கோர்ட்டில் 10 பவுண்டு அபராதம், போய் டாக்டரைப் பார் என்று மாஜிஸ்திரேட்டின் புத்திமதி, அன்றைக்கே பேப்பரில் செய்தி. அப்புறம் லிவர்பூலில் புது நாடகம். மேடையேறக் கால் வரவில்லை, கூட நடித்த சிபில் தார்ன்டைக் அம்மையார் கையைப் பிடித்துக் கூட்டிக்கொண்டு போனார். அரங்கம் கைதட்டித் தீர்த்துவிட்டது. பேப்பர்காரர்களைவிட டிக்கெட் வாங்கியவர்கள் பெரிய மனதுக்காரர்கள்.

1967-இல் சட்டம் தளர்ந்தது: 21 வயது நிரம்பிய இருவர், தனியிடத்தில் என்றால் குற்றமில்லை. ஆனால் பொதுக் கழிப்பறை தனியிடம் ஆகாது என்று அதே சட்டத்தில் பேர் சொல்லியே எழுதிவைத்தார்கள். அதற்கப்புறம் வழக்குகள் குறையவில்லை, கூடின. 2017-இல் பழைய தண்டனைகளுக்கு அரசு மன்னிப்பு கொடுத்தபோதும் கழிப்பறைக்குள் நடந்தவை சேரவில்லை. அது இன்றைக்கும் அங்கே குற்றம், ஆண் பெண் யாராக இருந்தாலும். சரி, குழந்தைகளும் வந்துபோகிற இடம், அதில் எனக்குத் தகராறு இல்லை. வெறுமனே ஜாடை காட்டி மாட்டிக்கொண்டவர்களையும், மன்னிப்புச் சட்டம் 2022-இல் விரியும் வரை காக்கவைத்தார்களே, அதைத்தான் என்னால் ஏற்க முடியவில்லை.