புடுங்கப் புடுங்க வர்ற படர்கொடி: லானுக்கும் தோட்டத்துக்கும் என்ன பண்றது? (சந்தேகங்களுக்கு விளக்கம்)

வணக்கமுங்க. இந்த வாரம் வந்த கேள்வியில இத மொதல்ல எடுத்துக்கறேன், ஏன்னா இதே பிரச்சனைய நாலஞ்சு பேரு வேற வேற விதமா கேட்டிருக்கீங்க. சூலூர் பக்கத்துல இருந்து ஒரு அக்கா கேக்கறாங்க, புதுசா ஊடு கட்டி, காட்டு மண்ணு லோடு அடிச்சு முன்னாடி லான் போட்டோமுங்க, மொத வருசம் நல்லாத்தான் இருந்துச்சு, இப்ப ஒரு கொடி புல்லுக்குள்ளயே படருது, ரோஜா செம்பருத்தி எல்லாத்தையும் சுத்திக்குது, வெள்ளையா சின்னப் பூ வேற பூக்குது, எத்தன தடவ புடுங்கினாலும் திருப்பி வந்துருது, எந்த மருந்து அடிச்சா ஒரேடியா போகும்னு கேக்கறாங்க. போட்டோவும் அனுப்பிச்சிருக்காங்க.

அக்கா, மருந்துக்கு அப்புறம் வர்றேன். மொதல்ல அது என்ன கொடின்னு உறுதி பண்ணிக்கோணும். நம்ம பக்கம் கிளுவை வேலியில ஏறுற கொடியே எத்தன இருக்குது, ஊணாங்கொடி, கோவைக்கொடி, வேலிப்பருத்தி, முடக்கத்தான், பிரண்டை. முடக்கத்தான் எல்லாம் ஒரு இழு இழுத்தா வேரோட வந்துரும், அதுக்கு இவ்வளவு பேச வேண்டியதே இல்ல. சில பேரு மஞ்சக் கலர்ல நூலு நூலா செடி மேல கெடக்கிற அம்மையார் கூந்தல் போட்டோவ அனுப்பிச்சு இதேதானான்னு கேட்டிருக்கீங்க, அது இல்லீங்க. அது இலையே இல்லாம அடுத்த செடிய உறிஞ்சிப் பொழைக்கிற ஒட்டுண்ணி, அதுக்கு வைத்தியம் வேற, அது சுத்தின கெளையோட வெட்டி எரிக்கோணும். அக்கா அனுப்பின போட்டோவுல இலை அம்பு முனை வடிவத்துல இருக்குது, பூ புனல் மாதிரி, வெள்ளையும் லேசா ரோஸும் கலந்து, ஒரு இஞ்சு அகலம் வரும், தரையோட தரையா படருது, பக்கத்துல செடி கெடச்சா சுத்திக்கிட்டு ஏறுது. இதுக்கு அறிவியல் பேரு கன்வால்வுலஸ் அர்வென்சிஸ், வடக்க கோதுமைக் காட்டுல ஹிரன்குரின்னு சொல்லுவாங்களே, அதே களைதான். பூ அழகா இருக்குதுன்னு விட்டுட்டீங்கன்னா போச்சுங்க.

இது ஏன் போகமாட்டீங்குதுன்னு புரிஞ்சுக்கிட்டாத்தான் நாம பண்ற வேலைக்கு அர்த்தம் வருமுங்க. மேல தெரியற கொடி பெரிய விசயமே இல்ல, எல்லாம் கீழ இருக்குது. இதோட வேரு கீழ 6 மீட்டர் வரைக்கும் போகும், அதாவது 20 அடி. பக்கவாட்டுல ஓடற வேரு தனி, அது மேல ஓரடி ரெண்டடிக்குள்ள ஓடி அங்கங்க புது மொளை உட்டுட்டே போகும். அந்த வேரு முழுக்க மாவுச்சத்து சேத்தி வச்சிருக்குது, பழைய ஊட்டுல தானியக் குதிர் இருக்குமே அந்த மாதிரி, நாம மேல கொடிய புடுங்கினா குதிர்ல இருந்து கொஞ்சம் எடுத்து மறுக்கா துளிர் உடுது, அந்தத் துளிரு நாலஞ்சு இலை உட்டு வெயில் வாங்குச்சுன்னா எடுத்தத திருப்பி உள்ள போட்டு வச்சிருது. அக்கா பத்து நாள் கழிச்சு ஒருக்கா, அப்புறம் ஊருக்குப் போயிட்டு வந்து ரெண்டு மாசம் கழிச்சு ஒருக்கான்னு புடுங்கினா, அந்த ரெண்டு மாசத்துல அது முழுசா ரொப்பிக்கும். அதனாலதான் என்னமோ மந்திரம் போட்ட மாதிரி திருப்பித் திருப்பி வர்றதா நமக்குத் தோணுது.

அப்ப என்ன பண்ணோணும்னா, அது உள்ள சேத்தி வைக்க டைமே குடுக்கக் கூடாது. துளிரு தரைக்கு மேல தெரிஞ்சு அஞ்சு இலை ஆகறதுக்குள்ள வெட்டிரோணும். பொதுவா ரெண்டு வாரம், மிஞ்சிப்போனா மூணு வாரத்துக்கு ஒருக்கா, மழைக்காலம்னா இன்னும் சுருக்கா. ஒரு மாசம் ரெண்டு மாசம் இல்லீங்க, ரெண்டு வருசம் மூணு வருசம் விடாம பண்ணோணும், அத இப்பவே தெளிவா சொல்லிப்போடறேன், ஒரே அடியில போயிரும்னு யாராச்சும் சொன்னா நம்பாதீங்க. ஆனா வருத்தப்படாதீங்க, மொத வருசந்தான் வேலை அதிகம், ரெண்டாவது வருசத்துல துளிரு மெலிஞ்சு போயி வரும், இலை சின்னதாகும், அதப் பாக்கறப்பவே தெரிஞ்சுரும் உள்ள சரக்கு கொறையுதுன்னு.

வெட்டறதுல ஒரு பக்குவம் இருக்குது. மேல புடிச்சு சர்ருன்னு இழுக்கக் கூடாது, கழுத்துலயே அறுந்துரும். மண்ணு ஈரமா இருக்கறப்ப, தண்ணி உட்ட மறுநாளு, களைக்கொத்த பக்கத்துல எறக்கி எவ்வளவு கீழ முடியுமோ அவ்வளவு கீழ வெட்டி எடுங்க. ஆளு வச்சு அஞ்சடி தோண்டி முழுசா எடுத்தரலாம்னு கெளம்பாதீங்க, அது நடக்காது, ரெண்டு இஞ்சு வேர்த்துண்டு மண்ணுல கெடந்தாலே அது ஒரு புதுச்செடி ஆயிரும். இதே காரணத்துக்காகத்தான் ரோட்டவேட்டர் மட்டும் உட்டுறாதீங்கன்னு கெஞ்சிக் கேட்டுக்கறேன். லான எடுத்துட்டு மறுக்கா மொதல்ல இருந்து போடலாம்னு சில பேரு பவர் டில்லர் உட்டு ஓட்டிருவாங்க, ஒரு மூலையில இருந்த கொடிய துண்டு துண்டா நறுக்கி முழு எடத்துக்கும் நட்டு உட்ட மாதிரிதான் ஆகும்.

ரோஜாவச் சுத்தியிருக்கறத உரிச்சு எடுக்கறேன்னு ரோஜாக் கொழுந்த ஒடிச்சுக்காதீங்க. கீழ தரையோட கொடிய வெட்டி உட்டுருங்க, மேல சுத்தினது தானா காஞ்சுரும், நாலு நாள் கழிச்சு லேசா எடுத்தா வந்துரும். பூ இருக்கறத மட்டும் அப்பவே கையோட எடுத்துருங்க, காய் புடிக்க உடக் கூடாது.

இந்தக் காய் விசயத்த கொஞ்சம் கவனமா கேளுங்க. ஒரு காய்க்குள்ள நாலு வெதை வரைக்கும் இருக்கும், ஒரு செடி 25ல இருந்து 300 வெதை வரைக்கும் போடும். வெதை மேல தோலு ரொம்பக் கெட்டி, தண்ணி உள்ள போகவே போகாது, அதனால மண்ணுல 20 வருசம், அதுக்கு மேலயும் உசுரோட கெடக்கும். மாட்டு வயித்துக்குள்ள போயி சாணியில வந்தாக்கூட மொளைக்கும். அக்கா லானு மொத வருசம் நல்லா இருந்து அப்புறம் வந்துச்சுன்னு சொல்றாங்கல்ல, என் கணிப்பு அந்த லோடு மண்ணுலதான் வேர்த்துண்டோ வெதையோ வந்திருக்கோணும், இல்லாட்டி மக்காத தொழுவுரத்துல வந்திருக்கோணும். இந்தக் களைக்கு கரிசல் மண்ணும் நல்லாப் புடிக்குது, பல்லடம், சூலூர், உடுமலைப் பக்கமெல்லாம் காட்டு மண்ணு வாங்கறப்ப எந்தக் காட்டுல எடுத்ததுன்னு ஒரு நடை போயிப் பாத்துட்டு வாங்கறது நல்லதுங்க. மண்ணு வந்த ஒடனே புல்லு ஒட்டாதீங்க, தண்ணி உட்டு ஒரு மாசம் சும்மா போட்டு வைங்க, எது மொளைக்குதோ அத அப்பப்ப சுரண்டி எறிஞ்சுட்டு அப்புறம் லான் போடுங்க. வெதையில இருந்து வந்த கன்னு மூணு வாரத்துக்குள்ள புடுங்கினா சுலபமா செத்துரும், அதத் தாண்டிட்டா வேரு உட்டு பலமாயிரும்.

இனி லானுக்கு வர்றேன். மெஷின் போட்டு வெட்டிட்டே இருந்தா கொடி செத்துரும்னு நெனைப்பீங்க, ஆகாதுங்க, இது வெட்ட வெட்ட பிளேடுக்குக் கீழ தரையோட ஒட்டிப் படுத்துக்கும். அதவிட புல்லு அடர்த்தியா இருக்கறதுதான் இதுக்கு எதிரி, இந்தக் கொடிக்கு நெழலு ஆகாது. எங்கெங்க புல்லு சொட்டையா இருக்குதோ அங்கதான் புகுந்து படரும். அதனால புல்ல ஒட்ட வழிக்காதீங்க, கொஞ்சம் ஒசரமா உட்டு வெட்டுங்க, அந்தந்த சீசனுக்கு உரம் வைங்க, சொட்டை உழுந்த எடத்துல ஒடனே புல்லு ஒட்டுங்க. கொரியன் புல்லு மெதுவாத்தான் படரும், எடம் மூட நாளாகும், அது வரைக்கும் கையிலதான் பாத்துக்கோணும். அருகம்புல் வகை சுருக்கா மூடிரும். தெனமும் கொஞ்சூண்டு தண்ணி தெளிக்கறத உட்டுட்டு, நல்லா நனையற மாதிரி இடைவெளி உட்டுக் குடுத்தா புல்லு வேரும் கீழ எறங்கும்.

செடி இல்லாத வெத்து எடம், மரத்தடி, காம்பவுண்டு ஓரம், இங்கெல்லாம் மூடாக்கு போடுங்க. ஆனா சும்மா ரெண்டு இஞ்சு தேங்கா மஞ்சி பரப்பினா இது ஊடால பூந்து வந்துரும். கீழ கெட்டி அட்டையோ கருப்பு ஷீட்டோ, களைத் துணின்னு விக்கறாங்களே அதோ, ஓரம் ஒண்ணு மேல ஒண்ணு ஏறி இருக்கற மாதிரி விரிச்சு அதுக்கு மேல மட்டைத்தூளு, மஞ்சி கொட்டுங்க. பொள்ளாச்சிப் பக்கம் இருக்கறவங்களுக்கு இதுக்குப் பஞ்சமே இல்ல. வெளிச்சமே படக் கூடாது, அதுதான் கணக்கு. மூணு வருசத்துக்கு மேல அப்படியே கெடக்கோணும், அட்டைன்னா மக்க மக்க மேல புதுசு போடோணும், ஓட்டையில, ஓரத்துல எட்டிப் பாக்கறத வெட்டிட்டே இருக்கோணும். சித்திர வெயில்ல கண்ணாடி பாலித்தீன் போட்டு மூடி வெந்து போக வைக்கலாமான்னு ஒரு தம்பி கேட்டிருக்காப்ல, மத்த களைக்கு அது நல்ல முறைதான் தம்பி, ஆனா சூடு மேல கொஞ்ச இஞ்சுக்குத்தான் போகும், இதோட வேரு கீழ குளுகுளுன்னு உக்காந்திருக்கும்.

வாட்ஸ்அப்புல உப்பு, வினிகர், சோப்புத்தண்ணி கலந்து ஊத்தச் சொல்லி சுத்துதே, தயவு செஞ்சு அத பண்ணாதீங்க. வினிகரு மேல இலைய மட்டும் கருக்கும், வேருக்கு ஒண்ணும் ஆகாது. உப்பு மண்ணுலயே நின்னுரும். நம்ம பக்கம் ஏற்கனவே எத்தன போர்ல உப்புத்தண்ணி, செடி நுனி கருகுதுன்னு அதுக்கே நாம அல்லாடிட்டு இருக்கறோம், அதுல கல்லுப்ப வேற கொட்டினா ரோஜாவும் போயிரும், புல்லும் போயிரும், கொடி மட்டும் வரும்.

சரி, மருந்து. கிளைபோசேட் அடிக்கலாமான்னுதான் நெறைய பேரு கேக்கறீங்க. அது இலை வழியா வேருக்கு எறங்கற மருந்துதான், கொடி பூ உடற நேரத்துல, வாடாம தளதளன்னு இருக்கறப்ப அடிச்சா வேல செய்யும், அப்பவும் ஒரு தடவையில முடியாது. ஆனா அது புல்லையும் கொல்லும், ரோஜாவையும் கொல்லும். இன்னொண்ணு, 2022 அக்டோபர்ல மத்திய அரசு போட்ட உத்தரவுப்படி பூச்சிக்கட்டுப்பாட்டு ஆபரேட்டருங்க மூலமாத்தான் அதப் பயன்படுத்தோணும், கடையில வாங்கியாந்து நாமளே ஊட்டு முன்னாடி அடிக்கிற பொருள் இல்லீங்க அது. அடுத்தது டூ ஃபோர் டி. அது அகல இலைய அடிக்கும், பெரும்பாலான புல்ல உட்டுரும், அதனால லானுக்கு அதச் சொல்லுவாங்க, ஆனா பஃபல்லோ புல்லு தாங்காது. அதவிட பெரிய பயம் காத்துல போறது. பருத்தி, தக்காளி, திராட்சை, ரோஜா இதுக்கெல்லாம் டூ ஃபோர் டி கொஞ்சம் பட்டாலே இலை சுருண்டு கோணிப் போயிரும், எஸ்டர் வகைன்னா வெயில்ல ஆவியாயிக்கூட பக்கத்துக் காட்டுக்குப் போகும். நம்மூரு ஆடிக் காத்துல அத அடிச்சு, அக்கட்டால ஒருத்தரு தக்காளி போயிருச்சுன்னா அந்தப் பாவம் நமக்கு எதுக்கு? அடிச்ச டேங்க்க எத்தன கழுவினாலும் மத்த செடிக்கு அடிக்க உடாதீங்க, களைக்கொல்லிக்கு தனி டேங்க்குதான். லேபிள்ல எந்தப் பயிருக்குன்னு போட்டிருக்குதோ அதுக்குத்தான், எந்த அளவு போட்டிருக்குதோ அந்த அளவுதான். அந்தச் சின்ன ஊட்டுத் தோட்டத்துக்கு மருந்தே தேவையில்ல, களைக்கொத்து போதும்ங்கறதுதான் என் முடிவான அபிப்ராயம்.

ஏக்கர் கணக்குல காட்டுல புகுந்திருச்சுன்னா கதை வேறங்க, அப்ப செடிய வேரோட கொண்டுபோயி பொங்கலூர், காரமடை, கோபி, எது பக்கமோ அந்த கேவிகேல (வேளாண் அறிவியல் நிலையம்) காட்டுங்க, இல்லீனா கோயமுத்தூர் வேளாண் பல்கலைக்கழகத்துக்கே போங்க. கிசான் கால் சென்டர் 1800 180 1551, இலவச நம்பர்தான், தமிழ்லயே பேசலாம்.

அக்கா, வெட்டினதையெல்லாம் ஈரத்தோட கம்போஸ்ட் குழியில போட்டுறாதீங்க, அங்கயே தழைஞ்சுக்கும். சிமெண்டுத் தரையில, மொட்டை மாடியில நல்ல வெயில்ல போட்டு மொறுமொறுன்னு காய உட்டு அப்புறம் போடுங்க, வேரும் காயும் இருந்தா அத தனியா எடுத்து எரிச்சுருங்க. களைக்கொத்து, மெஷின் பிளேடுல ஒட்டின மண்ணையும் தட்டிட்டு அடுத்த பக்கம் போங்க. காலண்டர்ல ஞாயித்துக்கெழம ஒண்ணு உட்டு ஒண்ணு வட்டம் போட்டு வச்சுக்குங்க, ஊருக்குப் போறதா இருந்தா பக்கத்தூட்டுல யாரையாச்சும் அந்த ஒரு நாள் வெட்டி உடச் சொல்லிட்டுப் போங்க. அடுத்த கேள்வி தாராபுரத்துல இருந்து, முருங்கையில பூ கொட்டுதுன்னு கேட்டிருக்காங்க, அதப் பாக்கலாம்.