81 ஆட்டம் சொந்த ஊரில்

நேயர்களுக்கு வணக்கம்.

அமெரிக்காவில் தொழில்முறை பேஸ்பால் அணி ஒன்று ஒரு பருவத்தில் தன் சொந்த மைதானத்தில் எத்தனை ஆட்டம் ஆடும்? இதைப் பற்றித்தான் இன்றைக்குப் பேச வந்திருக்கிறேன். விடையை முதலிலேயே சொல்லிவிடுகிறேன்: 81. மேஜர் லீக் எனப்படும் உச்ச நிலைப் போட்டியில் 30 அணிகள். ஒவ்வொன்றுக்கும் பருவத்துக்கு 162 ஆட்டம். பாதி சொந்த ஊரில், பாதி வெளியூரில். விடைதான் வந்துவிட்டதே, பாட்டைப் போடுங்கள் என்று கேட்காதீர்கள். எனக்குக் கால் மணி நேரம் கொடுத்திருக்கிறார்கள், ஒரு நிமிடம்கூட விடுவதாக இல்லை.

81 என்றால் எவ்வளவு என்று முதலில் பார்ப்போம். ஐபிஎல் லீக் சுற்றில் ஓர் அணிக்கு 14 ஆட்டம், அதில் 7 சொந்த ஊரில். அந்த ஏழுக்கே சேப்பாக்கத்தில் டிக்கெட் படும் பாடு உங்களுக்குத் தெரியும். அமெரிக்காவிலோ மார்ச் கடைசியில் தொடங்கி செப்டம்பர் கடைசி வரை, ஆறு மாதம், ஏறக்குறைய தினமும் ஆட்டம். ஓர் ஊருக்குப் போனால் மூன்று நாளோ நான்கு நாளோ ஒரே எதிரணியுடன் தொடர்ந்து ஆடிவிட்டு அடுத்த ஊருக்கு விமானம் ஏற வேண்டியதுதான். மழை பெய்தால் ஆளுக்கு ஒரு புள்ளி என்று பிரித்துக்கொடுக்கும் வழக்கமும் இல்லை. பின்னொரு நாள் வந்து ஆடியாக வேண்டும். ஒரே நாளில் இரண்டு ஆட்டம் ஆடிக் கடனைத் தீர்ப்பதும் உண்டு.

சரி, இந்த 162 எங்கிருந்து வந்தது? பேனா தேட வேண்டாம், மனக்கணக்கே போதும். இருபதாம் நூற்றாண்டின் முதல் பாதியில் இரண்டு லீக்குகள், ஒவ்வொன்றிலும் 8 அணிகள். ஓர் அணி மற்ற ஏழு அணிகளுடனும் தலா 22 முறை மோதும்: 11 இங்கே, 11 அங்கே. ஏழு இருபத்திரண்டு 154. அதில் பாதி 77. பல பத்தாண்டுகள் இந்த 77தான் கணக்கு. 1961-இல் அமெரிக்கன் லீக் 10 அணியாக வளர்ந்தது. பழையபடி 22 என்றால் ஒன்பது இருபத்திரண்டு 198, உடம்பு தாங்காது. 17 முறை என்றால் 153, பழைய 154-க்குப் பக்கத்தில் வருகிறது. ஆனால் 17 இரண்டாகப் பிரியாது, ஒருவருக்குச் சொந்த ஊரில் ஓர் ஆட்டம் கூடிவிடும். 18 பிரியும். ஒன்பது பதினெட்டு 162. அடுத்த ஆண்டு நேஷனல் லீக்கும் அதே கணக்குக்கு வந்தது. இப்போது அணிகள் 30 ஆகிவிட்டன, யார் யாருடன் எத்தனை முறை என்பதெல்லாம் குழம்பிவிட்டது, ஆனால் 162-ம் 81-ம் அப்படியே நிற்கின்றன.

அந்த எட்டு ஆட்டம் கூடியதால் ஒரு பெரிய சண்டையும் வந்தது. 1927-இல் பேப் ரூத் என்ற ஆட்டக்காரர் ஒரே பருவத்தில் 60 ஹோம் ரன், அதாவது நம் சிக்ஸர் மாதிரி, அடித்திருந்தார். சரியாக 1961-இல்தான், ஆட்டம் கூடிய அதே ஆண்டில், நியூயார்க் யாங்கீஸின் ரோஜர் மாரிஸ் அதை எட்டிப்பிடிக்கப் பார்த்தார். அப்போதைய ஆணையர் ஃபோர்ட் ஃபிரிக், 154 ஆட்டத்துக்குள் அடித்தால்தான் ரூத்தை முந்தியதாகக் கொள்வோம், இல்லையென்றால் தனியாகக் குறிப்போம் என்று அறிவித்தார். இதே ஃபிரிக் பத்திரிகையாளராக இருந்த காலத்தில் ரூத்தின் பெயரில் கட்டுரை எழுதிக்கொடுத்தவர்! மாரிஸ் 61-ஆவதை அடித்தது அக்டோபர் 1, பருவத்தின் கடைசி ஆட்டத்தில், சொந்த ஊரில். அந்த மைதானத்தில் அன்று பாதிக்கு மேல் இருக்கைகள் காலி.

இப்போது என் மனதுக்குப் பிடித்த கதைக்கு வருகிறேன். பாதி இங்கே, பாதி அங்கே என்ற விதி ஏதோ நியாயத்துக்காக வைத்தது போலத் தோன்றும். உண்மையில் அது கல்லாப்பெட்டி சம்பந்தப்பட்டது. அது உடைந்தால் என்ன ஆகும் என்பதற்கு 1899-ஆம் ஆண்டின் கிளீவ்லாண்ட் ஸ்பைடர்ஸ் அணியைத்தான் சொல்ல வேண்டும்.

அந்த அணியின் முதலாளிகள் ராபிசன் சகோதரர்கள். அந்த ஆண்டு அவர்கள் செயின்ட் லூயிஸ் அணியையும் வாங்கிவிட்டார்கள். ஒரே முதலாளிக்கு ஒரே லீக்கில் இரண்டு அணி, அன்றைக்கு அதைத் தடுக்க யாரும் இல்லை. செயின்ட் லூயிஸில் கூட்டம் அதிகம் வரும் என்று கணக்குப் போட்டு, கிளீவ்லாண்டின் நல்ல ஆட்டக்காரர்களை எல்லாம் அங்கே அனுப்பிவிட்டார்கள். சை யங் உட்பட. சை யங் யார் என்று கேட்பவர்களுக்கு: இன்றும் ஆண்டின் சிறந்த பிட்சருக்கு, அதாவது பந்து எறிபவருக்கு, கொடுக்கும் விருது அவர் பெயரில்தான் இருக்கிறது. அந்த சை யங்கையே தூக்கிக் கொடுத்துவிட்டு, மிச்சம் மீதியை வைத்துக் கிளீவ்லாண்டில் ஆட்டம் தொடங்கினார்கள்.

ஊர்க்காரர்கள் என்ன செய்வார்கள்? வரவில்லை. அந்தப் பருவம் முழுவதும் சொந்த மைதானத்துக்கு வந்தவர்கள் 6,088 பேர். ஒரு நாளைக்கு இல்லை நேயர்களே, பருவம் முழுவதற்கும் சேர்த்து. ஆட்டத்துக்குச் சராசரி 145 பேர். நம் ஊர்க் கல்யாண மண்டபத்தில் காலைப் பந்திக்கே அதைவிட அதிகம் பேர் உட்காருவார்கள்.

அன்றைக்கு டிக்கெட் வசூலில் விருந்தாளி அணிக்கும் பங்கு உண்டு. 145 பேர் கொடுத்த காசில் பங்கு என்றால் ரயில் கட்டணத்துக்கே தேறாது. அதனால் மற்ற அணிகள் கிளீவ்லாண்டுக்கு வர மாட்டோம் என்று சொல்லிவிட்டன. நீங்களே எங்கள் ஊருக்கு வந்து ஆடிவிட்டுப் போங்கள் என்றன. 154 ஆட்டத்தில் 77 சொந்த ஊரில் ஆட வேண்டிய அணி ஆடியது வெறும் 42. வெளியூரில் 112. பருவத்தின் பிற்பாதியில் பெரும்பாலும் ரயிலும் ஓட்டல் அறையும்தான் அவர்களுக்கு ஊர்.

முடிவு என்ன? 20 வெற்றி, 134 தோல்வி. இடையில் தொடர்ந்து 24 தோல்வி. கடைசி 41 ஆட்டத்தில் 40 தோல்வி. பருவத்தின் கடைசி நாள் சின்சினாட்டியில். அன்று பிட்சராக இறக்கப்பட்டவர், அணி தங்கியிருந்த ஓட்டலில் சுருட்டு விற்றுக்கொண்டிருந்த இளைஞர். ஆமாம், ஓட்டலில் சுருட்டு விற்றவர். அவரும் தோற்றார், வேறென்ன செய்வார்?

அந்த அணி வெளியூரில் தோற்றது 101 ஆட்டம். இன்றைக்கு எவ்வளவு மோசமான அணியாக இருந்தாலும் இந்தச் சாதனையை முறியடிக்க முடியாது. ஏன்? வெளியூரில் ஆடுவதே 81தான். எல்லாவற்றிலும் தோற்றாலும் 20 குறையும். அந்தப் பருவத்தோடு கிளீவ்லாண்டையும் சேர்த்து நான்கு அணிகளை லீக் கழித்துக்கட்டியது. அந்த முதலாளிகள் செய்த வேலைக்கு ஊர்க்காரர்கள் ஆறாயிரம் பேர் வந்ததே அதிகம் என்பது என் அபிப்பிராயம்.

அப்புறம், நான் ரயில்வேயில் கால அட்டவணைப் பிரிவில் வேலை பார்த்தவன். அதனால் இந்த 81-ஐ யார் எப்படிப் பங்கு போடுகிறார்கள் என்பதில் எனக்கு ஒரு பைத்தியம். ரயில்வேயில் ரேக் லிங்க் என்று சொல்வோம். காலையில் மதுரைக்குப் போன பெட்டிகள் மாலையில் எந்த வண்டியாகத் திரும்பும், மறுநாள் எங்கே நிற்கும் என்ற சங்கிலி. ஒரு வண்டியை அசைத்தால் பத்து வண்டி அசையும். முப்பது அணிகளின் 2,430 ஆட்டங்களும் அப்படித்தான்.

இந்த அட்டவணையை இருபது ஆண்டுகளுக்கு மேல் போட்டது பெரிய அலுவலகம் எதுவும் இல்லை, ஒரு கணவனும் மனைவியும். ஹென்றி ஸ்டீவன்சன், ஹாலி ஸ்டீவன்சன். மாசச்சூசெட்ஸ் கரையோரம் மார்த்தாஸ் வைன்யார்ட் என்ற தீவில் வீட்டிலேயே உட்கார்ந்து, 80-களின் தொடக்கத்திலிருந்து 2004 வரை, கம்ப்யூட்டரும் பொறுமையும் கொண்டு போட்டார்கள். அவர்களுக்கு முன்னால் ஹாரி சிம்மன்ஸ் என்பவர் கையாலேயே போட்டுவந்தார். இப்போது கணிதப் பேராசிரியர்கள், பெரிய மென்பொருள் என்று ஆகிவிட்டது. எனக்கு அந்தத் தம்பதியைத்தான் பிடிக்கும்.

அட்டவணை போடுபவர்களுக்கு வந்து குவியும் கோரிக்கைகளைப் பாருங்கள். நியூயார்க்கின் இரண்டு அணிகளும் ஒரே நேரத்தில் ஊரில் இருக்கக் கூடாது. ஏப்ரல் மூன்றாம் திங்கட்கிழமை மாசச்சூசெட்ஸில் விடுமுறை, அன்று பாஸ்டன் அணி ஊரில் இருந்தாக வேண்டும். காலை பதினொரு மணிக்கே ஆட்டம், அது முடிந்து வெளியே வந்தால் மாரத்தான் ஓட்டம் பக்கத்துத் தெருவில் போய்க்கொண்டிருக்கும். ஜூலை 1 கனடா நாள், டொராண்டோ அணிக்கு அன்று சொந்த ஊரில் ஆட ஆசை. ஒவ்வொன்றும் நியாயமான கோரிக்கைதான். எல்லாம் சேர்ந்தால்தான் தலைவலி.

1992-இல் ஒன்று நடந்தது. ஹூஸ்டன் ஆஸ்ட்ரோஸ் அணி அப்போது ஆடியது ஆஸ்ட்ரோடோம் என்ற கூரை போட்ட அரங்கில். அந்த ஆகஸ்டில் குடியரசுக் கட்சியின் தேசிய மாநாட்டுக்கு அதே அரங்கு. மேடை கட்ட வேண்டும், பிரிக்க வேண்டும், நாலு நாள் மாநாட்டுக்கு ஒரு மாதம் போய்விடும். அணியை வெளியே அனுப்பிவிட்டார்கள். 28 நாள், 26 ஆட்டம், ஒரே நீட்டில் வெளியூர். அதில் 12 வென்று 14 தோற்றுத் திரும்பினார்கள். ஸ்பைடர்ஸை நினைத்தால் அது பிரமாதம்.

சில நேரம் சொந்த ஊர் ஆட்டம் என்று எழுதியிருக்கும், ஊர் வேறாக இருக்கும். 2007 ஏப்ரலில் மறுபடியும் கிளீவ்லாண்ட், இது வேறு அணி, பனியில் மாட்டிக்கொண்டது. சொந்த ஊரின் முதல் ஆட்டம், எதிரணி சியாட்டில். கிளீவ்லாண்ட் 4-0 என முன்னிலை. பிட்சர் பால் பைர்ட் அதுவரை ஒரு ஹிட்கூடக் கொடுக்கவில்லை. ஐந்தாம் இன்னிங்ஸில் இன்னும் ஒரே ஒரு ஸ்ட்ரைக், அதாவது பேட்டர் கோட்டைவிடும் ஒரு பந்து, விழுந்தால் ஆட்டம் செல்லுபடியாகும். அந்த நேரம் பார்த்து, பந்தே தெரியவில்லை என்று சியாட்டில் மேலாளர் மைக் ஹார்க்ரோவ் நடுவரிடம் போய் நின்றார். ஆட்டம் நின்றது, பிறகு ரத்து. தொடர் முழுவதுமே பனியில் போனது. அடுத்த தொடரை மில்வாக்கியில், மூடும் கூரை உள்ள மைதானத்தில், பத்து டாலர் டிக்கெட்டுக்கு நடத்தினார்கள். ரத்தான ஆட்டங்களில் ஒன்றைச் செப்டம்பரில் சியாட்டிலிலேயே ஆடினார்கள், கிளீவ்லாண்டின் சொந்த ஊர் ஆட்டமாக! பேஸ்பாலில் சொந்த ஊர் அணிதான் இரண்டாவதாக பேட்டிங் செய்யும். அன்று சியாட்டில்காரர்கள் தங்கள் மைதானத்திலேயே விருந்தாளியாக முதலில் இறங்கினார்கள்.

2015 ஏப்ரல் 29 இன்னொன்று. பால்டிமோர் நகரில் கலவரம், ஆட்டத்தை நடத்தலாம், ரசிகர்களை விட முடியாது என்ற நிலை. பூட்டிய வாசல்களுக்குள் ஆடினார்கள். கேட்சர் கேலப் ஜோசப், யாருமே இல்லாத கைப்பிடிச் சுவர் அருகே போய், ரசிகர்களுக்குக் கையெழுத்துப் போடுவதுபோல் காற்றில் எழுதிக் காட்டினார். பால்டிமோர் 8-2 என வென்றது. அதற்கடுத்த சொந்த ஊர்த் தொடரை ஃப்ளோரிடாவில் போய் ஆடினார்கள்.

நமக்கும் இந்த அனுபவம் உண்டு. 2018-இல் காவிரிப் போராட்டத்தின்போது சேப்பாக்கத்தில் ஒரே ஓர் ஆட்டம்தான் நடந்தது. மீதி ஆறும் புனேக்குப் போனது. ரசிகர்களை ஏற்றிக்கொண்டு விசில் போடு எக்ஸ்பிரஸ் என்று தனி ரயிலே விட்டார்கள். அந்த ஆண்டு கோப்பையும் சென்னைக்குத்தான். ரயில்வேக்காரன் என்ற முறையில் அந்த வண்டியைப் பற்றி மட்டும் தனியாகப் பேசலாம், ஆனால் கண்ணாடிக்கு அந்தப் பக்கம் விரலைக் காட்டுகிறார்கள். இரண்டு நிமிடமாம்.

வேகமாகச் சொல்கிறேன். 2020-இல் கொரோனாவால் பருவமே 60 ஆட்டம், சொந்த ஊரில் 30, இருக்கைகளில் அட்டையில் வெட்டிய ரசிகர் படங்கள். கனடா எல்லையைத் திறக்காததால் டொராண்டோ அணி அந்த முப்பதில் பெரும்பாலானவற்றுக்கு அமெரிக்காவின் பஃபலோவுக்குப் போனது. 2024 அக்டோபரில் மில்டன் புயல் டாம்பா பே அணியின் அரங்கக் கூரையைக் கிழித்துவிட, அடுத்த ஆண்டு 81 ஆட்டத்தையும் ஏறக்குறைய 11,000 பேர் அமரும் பயிற்சி மைதானத்தில் ஆடினார்கள். அங்கே கூரை இல்லை, கோடையில் மழை கொட்டும். அதனால் சொந்த ஊர் ஆட்டங்களில் பலவற்றை ஏப்ரல், மே மாதங்களுக்கே இழுத்துவிட்டார்கள். அட்டவணைக்காரர்கள் எத்தனை ராத்திரி தூங்கவில்லையோ.

ஜப்பானைப் பற்றி விரிவாகப் பேச வைத்திருந்தேன். அங்கே 143 ஆட்டம், ஒற்றைப்படை, அதனால் ஓர் அணிக்குச் சொந்த ஊரில் 71 அல்லது 72. ஹான்ஷின் டைகர்ஸ் அணிக்குக் கோஷியென் என்ற 1924-இல் கட்டிய மைதானம். ஆகஸ்ட் வந்தால் பள்ளி மாணவர்களின் தேசியப் போட்டிக்கு அதைக் காலி செய்துகொடுத்துவிட்டு இந்தத் தொழில்முறை அணி வெளியே போய்விடும், இல்லையென்றால் ஒசாகாவில் வேறோர் அரங்கில் ஆடும். பள்ளிப் பிள்ளைகளுக்காக! இதை இன்னொரு நாள் கூப்பிட்டால் முழுதாகச் சொல்கிறேன்.

நன்றி, வணக்கம்.