சியோல் ரயில் நிலையக் கிடங்கில் கிடைத்த கட்டு

நடுவர் ஐயா அவர்களுக்கும், எதிரணி நண்பர்களுக்கும், இவ்வளவு நேரம் நகராமல் உட்கார்ந்திருக்கும் உங்கள் எல்லோருக்கும் வணக்கம்.

"கொரிய மொழிக்கு இன்று உலகம் தருகிற இடத்துக்குப் பெரிதும் காரணம் பாட்டும் திரையுமா, மொழி அறிஞர்களா?" இதுதான் தலைப்பு. நான் அறிஞர்கள் பக்கம். எனக்கு முன்னால் பேசிய சகோதரி ஒரு கேள்வி போட்டார். "பிள்ளைகள் பி.டி.எஸ். பாட்டைக் கேட்டுக் கொரியம் படிக்க வருகிறார்கள். எந்தப் பேராசிரியரின் பெயரைக் கேட்டு வருகிறார்கள்?" என்றார். நீங்கள் கைதட்டினீர்கள், நானும் தட்டினேன். ஏனென்றால் என் அக்கா மகளும் அப்படித்தான் வந்தாள்.

இரண்டு வருடம் கொரியத் தொடராகப் பார்த்துத் தள்ளினாள். "சப்டைட்டில் இல்லாமலே புரியுது சித்தி" என்பாள். அப்புறம் சென்னையில் ஒரு கொரிய வகுப்பில் சேர்ந்தாள். முதல் நாள் ஆசிரியை நோட்டைத் திருத்திக் கையில் கொடுத்ததும், தொடரில் கேட்ட பழக்கத்தில் "கோமாவோ" என்றாள். நன்றி என்றுதான் பொருள். ஆனால் அது கூட விளையாடும் தோழியிடம் சொல்கிற நன்றி. ஆசிரியை முகம் சுளிக்கவில்லை. பலகையில் "கம்சாஹம்னிதா" என்று எழுதி, இதைத்தான் என்னிடம் சொல்ல வேண்டும் என்று பொறுமையாக விளக்கினாராம்.

கொரிய மொழியில் வினைச்சொல்லின் வால் கேட்பவருக்கு ஏற்ப மாறும். நாம் "வா", "வாங்க", "வாருங்கள்" என்பதைப் போலத்தான், ஆனால் அங்கே படிகள் இன்னும் கூடுதல். மரபு இலக்கணத்தில் ஆறு படிகள் சொல்வார்கள். கேட்பவரைக் காட்ட ஒரு வால், பேசப்படுகிறவரை உயர்த்த நடுவே இன்னொரு அசை. தொடரில் காதலர்களும் நண்பர்களும் பேசும் பேச்சு காதில் ஏறும். எந்த வாலை யாரிடம் போட வேண்டும் என்பது ஏறாது. அதை ஒருவர் உட்கார்ந்து வகுத்து எழுதியிருக்க வேண்டும், இன்னொருவர் அதைப் படித்துவிட்டு வகுப்பில் நிற்க வேண்டும். என் அக்கா மகளைப் பாட்டு அந்த வாசல் வரைக்கும் கொண்டுவந்து விட்டது, மறுக்கவில்லை. உள்ளே கூட்டிப்போனவர் யார் என்பதுதான் என் கேள்வி.

சகோதரி பி.டி.எஸ். பெயரைச் சொன்னதால் ஒன்று சொல்கிறேன். 2020-இல் அந்தக் குழுவை நடத்தும் நிறுவனமே ரசிகர்களுக்குக் கொரியம் கற்பிக்க ஒரு காணொளித் தொடர் வெளியிட்டது. யாரோடு சேர்ந்து தெரியுமா? ஹான்குக் வெளிநாட்டு மொழிகள் பல்கலைக்கழகத்தோடு. பாட்டில் இத்தனை கோடிப் பேரைக் கட்டிப்போட்டவர்களே, மொழியைச் சொல்லித்தர வேண்டும் என்றதும் பல்கலைக்கழகத்தின் கதவைத்தான் தட்டினார்கள்.

சரி, எழுத்துக்கு வருகிறேன். எல்லோரும் "க்" என்று ஒருமுறை சொல்லிப் பாருங்கள். வெட்கப்படாமல் சொல்லுங்கள். நாக்கின் பின்பகுதி எழும்பித் தொண்டைப் பக்கம் அடைக்கிறதா? இப்போது நம் "ட" எழுத்தை மனசில் தலைகீழாகத் திருப்புங்கள். அதுதான் கொரிய மொழியின் "க". அடைத்து நிற்கும் நாக்கின் படம் அது. இனி "ந்" சொல்லுங்கள். நுனிநாக்கு மேலே எழும்பித் தொடுகிறது. கொரிய "ந" நம் "ட" போலவே இருக்கும். "ம" ஒரு சதுரம், மூடிய வாய். "க"வோடு ஒரு கோடு சேர்த்தால் மூச்சு அழுத்திச் சொல்கிற "க" வந்துவிடும். 1443-இல் செஜோங் மன்னர் உருவாக்கி, 1446-இல் மக்களுக்கு அறிவித்த எழுத்து இது. இன்று ஹங்குல் என்கிறார்கள்.

"அது மன்னர் செய்தது, அறிஞருக்கு என்ன பங்கு?" என்று அடுத்து வருபவர் கேட்கலாம். இதைவிடக் கூர்மையாகவும் கேட்கலாம்: "மன்னரை எதிர்த்ததே அறிஞர்கள்தானே?" உண்மை. 1444-இல் அரசவை அறிஞர் மன்றத்தில் இருந்த சே மல்லி என்ற அறிஞரும் அவரைச் சேர்ந்தவர்களும் மன்னருக்கு மனுக் கொடுத்தார்கள். சீன எழுத்தை விட்டுத் தனி எழுத்து வைத்துக்கொள்வது மங்கோலியர், ஜப்பானியர் போன்றவர்கள் செய்கிற காரியம், நமக்கு அழகல்ல என்றார்கள். இதை நான் மறைக்க மாட்டேன். ஆனால் அதே அறிஞர் மன்றத்தில் இருந்த ஜோங் இன்-ஜி, ஷின் சுக்-ஜு, சோங் சம்-முன் முதலான எட்டுப் பேர் அந்த எழுத்துக்கு விளக்கநூல் எழுதினார்கள். எந்த எழுத்து வாயின் எந்த நிலையைக் காட்டுகிறது என்று ஒவ்வொன்றாகச் சொன்ன நூல் அது.

அந்த நூல் நூற்றாண்டுக்கணக்கில் கண்ணில் படாமல் போய்விட்டது. எழுத்து புழக்கத்தில் இருந்தது, அதன் காரணம் மறந்துபோனது. மன்னர் ஜன்னல் சட்டத்தைப் பார்த்து எழுத்தை அமைத்தார் என்றுகூட ஊகம் செய்தவர்கள் உண்டு. 1940-இல் ஆண்டோங் பகுதியில் ஒரு பிரதி வெளிப்பட்டது, முதல் இரண்டு ஏடுகள் இல்லாமல். ஜியோன் ஹ்யோங்-பில் என்ற சேகரிப்பாளர் அதை வாங்கினார். கேட்ட விலையைப் போலப் பத்து மடங்கு கொடுத்தார் என்றும், கொரியப் போரின்போது தலையணைக்கு அடியில் வைத்துக்கொண்டு படுத்தார் என்றும் சொல்வார்கள். அவர் நூலை வாங்கியது ஜப்பானிய ஆட்சிக்காலத்தில். கொரிய மொழி பள்ளிகளிலிருந்து விரட்டப்பட்டுக்கொண்டிருந்த நேரம். விஷயம் வெளியே தெரிந்தால் நூல் கையை விட்டுப் போய்விடும் என்று பொத்திப் பொத்தி வைத்திருந்தார். இன்று தென்கொரியாவில் அக்டோபர் 9 எழுத்து நாளாகக் கொண்டாடப்படுகிறதே, அந்தத் தேதி அந்த நூலில் இருந்த குறிப்பிலிருந்து கணக்கிட்டது.

எதிரணியின் முதல் பேச்சாளர் தம்பி ஒரு நல்ல வாதம் வைத்தார். "படித்தவர்கள் சீன எழுத்தில் எழுதிக்கொண்டிருந்தபோது ஹங்குலைக் காப்பாற்றியது பெண்களும் சாதாரண மக்களும்தான்" என்றார். தம்பி, முழுக்கச் சரி. பெண்கள் எழுதிய கடிதங்களும் கதைகளும் இல்லாவிட்டால் அந்த எழுத்து ஏட்டுக்குள்ளேயே அடங்கிப்போயிருக்கும். ஆனால் நடந்தது அதோடு முடியவில்லை. ஆளுக்கொரு விதமாக எழுதினார்கள். ஒரே சொல்லுக்கு நாலு எழுத்துக்கூட்டல். பாடப்புத்தகம் அச்சிட வேண்டும், சட்டம் எழுத வேண்டும், செய்தித்தாள் போட வேண்டும் என்றால் ஓர் ஒழுங்கு வேண்டாமா?

அந்த வேலைக்கு வந்தவர் ஜூ சி-கியோங். 1876-இல் பிறந்தவர். 1896-இல் தொடங்கிய, சீன எழுத்து கலக்காமல் ஹங்குலில் வந்த "விடுதலை" செய்தித்தாளில் பிழை திருத்திக்கொண்டிருந்தார். அப்புறம் சியோலில் பள்ளி பள்ளியாகப் போய்ப் பாடம் நடத்தினார். பை வாங்கக் காசு இல்லையோ, நேரம் இல்லையோ, புத்தகங்களைத் துணியில் மூட்டை கட்டித் தூக்கிக்கொண்டு நடப்பார். மாணவர்கள் "மூட்டை ஜூ" என்றே பெயர் வைத்துவிட்டார்கள். "ஹங்குல்" என்ற பெயரே அவர் வட்டத்திலிருந்து பரவியதுதான்.

அவர் சொன்ன ஒரு கொள்கையை மட்டும் காட்டுகிறேன், ஏனென்றால் தமிழருக்கு அது சட்டென்று பிடிபடும். நாம் "மரம்" என்று எழுதுகிறோம், "கள்" சேர்ந்தால் "மரங்கள்" என்று ஒலி மாறுவதை அப்படியே எழுத்திலும் மாற்றிவிடுகிறோம். கொரிய மொழியில் பூவுக்கு "க்கோச்". தனியாகச் சொன்னால் "க்கோட்" என்று கேட்கும். எழுவாய் உருபு சேர்ந்தால் "க்கோச்சி". "மட்டும்" என்ற பொருள் தரும் சொல் சேர்ந்தால் "க்கோன்மன்". காதில் மூன்று விதம். ஜூ சி-கியோங் சொன்னார்: வாய் எப்படிச் சொன்னாலும் கண்ணுக்குப் பூ ஒரே பூவாகத் தெரிய வேண்டும், வேர்ச்சொல்லை ஒரே மாதிரி எழுதுங்கள். 1933-இல் வந்த எழுத்துக்கூட்டல் விதிகளின் முதுகெலும்பு இதுதான். அதற்குள் அவர் போய் 19 வருடம் ஆகியிருந்தது. 1914-இல், நாற்பது வயதைத் தொடாமலே இறந்துவிட்டார். அவருடைய மாணவர் சே ஹ்யோன்-பே தெற்கில் பாடப்புத்தகங்களை அமைத்தார், இன்னொரு மாணவர் கிம் டு-போங் வடக்கே போனார். நாடு இரண்டாகி, எல்லாவற்றிலும் முறைத்துக்கொண்டு நிற்கிற இரண்டு அரசுகள், எழுத்துக்கூட்டலில் மட்டும் பெரும்பாலும் ஒன்றாக இருக்கின்றன. அவர் தூக்கித் திரிந்த மூட்டைக்குள்ளிருந்து வந்தது அது.

நடுவர் ஐயா, நேரம் பார்க்கிறீர்கள். இதை மட்டும் சொல்லாமல் இறங்க மாட்டேன்.

1929-இல் கொரிய மொழி அறிஞர்கள் கூடி ஓர் அகராதிக் குழு அமைத்தார்கள். நாடு ஜப்பான் கையில், அரசு உதவி கிடையாது. ஊர் ஊராகச் சொல் சேர்த்தார்கள். தங்கள் இதழில் வேண்டுகோள் விட்டு, வட்டார வழக்குகளை எழுதி அனுப்பச் சொன்னார்கள். விடுமுறைக்கு ஊருக்குப் போகும் மாணவர்கள் பாட்டி சொல்கிற சொல்லைக் குறித்துக்கொண்டு வந்தார்கள். பதின்மூன்று வருடம் இப்படியே போனது. 1942-இல், இன்று வடகொரியாவில் இருக்கும் ஹம்ஹுங் நகரில் படித்த ஒரு பள்ளி மாணவியின் டைரி காவல்துறை கையில் சிக்கியது. அதைப் பிடித்துக்கொண்டு, அவளுக்குப் பாடம் நடத்திய ஆசிரியரிடம் போனார்கள். அவர் அகராதி வேலை செய்துகொண்டிருந்தவர். அக்டோபரில் சியோலில் கைது தொடங்கியது. கடைசியில் 33 பேர் மேல் வழக்கு. அகராதி எழுதுவதே அரசுக்கு எதிரான சதி என்றார்கள். சித்திரவதை நடந்தது. லீ யுன்-ஜே 1943 டிசம்பரில் சிறையிலேயே இறந்தார். இரண்டு மாதம் கழித்து ஹான் ஜிங் இறந்தார். அகராதிக் கையெழுத்துப்படி சாட்சிப் பொருளாகப் பறிமுதல் ஆனது.

1945 ஆகஸ்டில் விடுதலை வந்தது. சிறையிலிருந்து வந்தவர்கள் முதலில் தேடியது அந்தத் தாள்களை. எங்கேயும் இல்லை. செப்டம்பர் 8-ஆம் தேதி, சியோல் ரயில் நிலையச் சரக்குக் கிடங்கில் சாமான்களைச் சரிபார்த்துக்கொண்டிருந்தபோது பெட்டிகளுக்குள் காகிதக் கட்டுகள் இருப்பதைப் பார்த்தார்கள். பிரித்தால், அதேதான். சுமார் 26,500 தாள்கள். மேல்முறையீட்டுக்காகச் சியோலுக்கு அனுப்பி, கவனிப்பாரில்லாமல் அங்கேயே கிடந்தவை. 1947-இல் முதல் தொகுதி வந்தது. தாள் பஞ்சம், நடுவில் போர். வெளிநாட்டு அறக்கட்டளை ஒன்று தாள் கொடுத்து உதவியது. 1957-இல் ஆறாவது தொகுதி வந்து முடிந்தது. 1,64,000-க்கும் மேற்பட்ட சொற்கள். தொடங்கி 28 வருடம்.

சகோதரி, நீங்கள் ரசிக்கிற அந்தப் பாட்டை எழுதிய பிள்ளைகள் பள்ளியில் படித்த மொழி, இந்த அகராதியின் மேல் நிற்கிற மொழி.

"சரி, அது உள்நாட்டுக் கதை. உலகத்துக்குக் கொண்டுபோனது யார்?" என்று கேட்பீர்கள். ஹோமர் ஹல்பர்ட் என்ற அமெரிக்கர் 1886-இல், 23 வயதில், கொரிய அரசு தொடங்கிய பள்ளியில் ஆங்கிலம் கற்பிக்கப் போனார். சில வருடத்திலேயே கொரிய எழுத்தில் ஓர் உலகப் பூகோளப் பாடநூல் எழுதினார். படித்த கொரியர்களே சீன எழுத்தை விட மனமில்லாமல் இருந்த காலம். அவருக்கும் நமக்கும் ஓர் உறவு உண்டு. 1905 வாக்கில் கொரிய மொழியையும் திராவிட மொழிகளையும் ஒப்பிட்டு ஓர் இலக்கண நூல் எழுதினார். கால்டுவெல்லின் ஒப்பிலக்கணம் வந்து அரை நூற்றாண்டு ஆகியிருந்தது. "அங்கேயும் அப்பா, இங்கேயும் அப்பா" என்று இன்று நாம் தொடர் பார்த்து ஆச்சரியப்படுகிறோமே, அந்த ஒப்பீட்டை நூறு வருடத்துக்கு முன்பே வரிசைப்படுத்திப் பார்த்தவர்.

அவர் முடிவைப் பின்னால் வந்த மொழியியலாளர்கள் பெரும்பாலும் ஏற்கவில்லை. அம்மா, அப்பா போன்ற சொற்கள் உலகத்தில் பல மொழிகளில் குழந்தை வாயிலிருந்து ஒரே மாதிரி பிறப்பவை, வினையைக் கடைசியில் வைப்பதும் உருபுகளை ஒட்டிக்கொண்டே போவதும் உறவில்லாத மொழிகளிலும் உண்டு, உறவென்றால் ஒலிமாற்றம் ஒழுங்காகப் பொருந்திக் காட்ட வேண்டும் என்றார்கள். கேட்கும்போது எனக்கும் வருத்தமாகத்தான் இருந்தது. ஆனாலும் நமக்குப் பிடித்தமான ஒன்றையே உரசிப் பார்த்து, தேறவில்லை என்றால் தேறவில்லை என்று சொல்ல ஆள் வேண்டும். பாட்டும் திரையும் அந்த வேலையைச் செய்யாது. செய்ய வேண்டும் என்று அவற்றிடம் யாரும் எதிர்பார்ப்பதும் இல்லை.

ஹல்பர்ட் கொரிய விடுதலைக்காகப் பேசியதால் நாட்டை விட்டு வெளியேற வேண்டி வந்தது. 1949 ஜூலை கடைசியில், 86 வயதில், புதிய அரசின் அழைப்பை ஏற்றுக் கப்பலேறித் திரும்பி வந்தார். ஒரே வாரம். ஆகஸ்ட் 5-ஆம் தேதி சியோலில் இறந்தார். ஹான் ஆற்றங்கரையில் யாங்ஹ்வாஜின் கல்லறைத் தோட்டத்தில் இருக்கிறார்.

எதிரணியில் அடுத்து பேச வரும் நண்பரிடம் நான் கேட்பது ஒன்றுதான். கொரிய எழுத்தாளர் ஹான் காங்குக்கு 2024-இல் இலக்கிய நோபல் பரிசு வந்ததை உங்கள் கணக்கில் சேர்த்துப் பேசப்போகிறீர்கள் என்று காதில் விழுந்தது. பரிசு கொடுத்தவர்கள் அவரைக் கொரிய மொழியில் படித்தார்களா, மொழிபெயர்ப்பில் படித்தார்களா? மொழிபெயர்ப்பில் என்றால், ஹம்ஹுங் சிறையில் கிடந்தவர்கள் சேர்த்து வைத்த சொற்களில் தொடங்கி, கொரியம் கற்று வந்த வெளிநாட்டார் வரைக்கும் எத்தனை கைகள் அந்தப் பக்கங்களில் பட்டிருக்கின்றன என்று எண்ணிச் சொல்லுங்கள். நான் உட்கார்ந்து கேட்கிறேன்.

வணக்கம்.