மஞ்சள் திரையும் நீலப் பெட்டியும்

நேயர்களுக்கு வணக்கம்.

பிபிசியின் முதல் அலைவரிசை 1969 நவம்பர் 15இல் வண்ணத்துக்கு மாறியது. சரியாக ஏழு வாரத்தில், 1970 ஜனவரி 3இல், 'டாக்டர் ஹூ' அறிவியல் புனைவுத் தொடரும் வண்ணத்தில் வந்தது. அதற்கு முந்தைய தொகுப்பில் 44 பகுதிகள், இதில் 25தான். பகுதிகள் குறைந்ததைவிடப் பெரிய மாற்றம் படப்பிடிப்புத் தளத்தில் நடந்தது. நிறத்தையே கத்தரிக்கோலாக்கிப் படத்தை வெட்டி ஒட்டும் வழி கிடைத்தது.

கறுப்பு வெள்ளையில் அப்படி ஒட்ட வெளிச்ச அளவை மட்டுமே நம்ப வேண்டும். கருந்திரைக்கு முன் நிற்பவரின் கறுத்த முடியும் கோட்டு மடிப்பின் நிழலும் ஓட்டையாகிவிடும். வண்ணக் கேமரா சிவப்பு, பச்சை, நீலம் என மூன்று சிக்னல்களைத் தனித்தனியே தருகிறது. நீலம் மிகுந்து மற்றவை குறைந்த இடத்தில், மின்னணுச் சுவிட்ச் இரண்டாவது கேமராவின் படத்துக்குத் தாவும். நடிகர் நிற்பது நீலத் துணிக்கு முன்னால். வீட்டில் தெரிவது ஒரு முழ உயர மாதிரிக் குகைக்குள். பிபிசி இதை 'கலர் செப்பரேஷன் ஓவர்லே' என்றது. மற்றவர்களுக்கு 'குரோமா கீ'. அந்த ஆண்டின் இரண்டாவது கதையான சிலூரியன்கள் கதையிலேயே இது வந்துவிட்டது.

வேலை எளிதல்ல. துணியில் ஒரு சுருக்கம் விழுந்தாலும் அதன் நிழல் திரையில் அழுக்காய்த் துடிக்கும். வெளிச்சம் ஒரே சீராக விழ வேண்டும். துணியில் பட்டுத் திரும்பும் நீலம் தோளிலும் முடியிலும் படிந்தால் உருவத்தைச் சுற்றி விளிம்பு கட்டும். நடிகரைத் துணியிலிருந்து ஆறேழு அடி தள்ளி நிறுத்தி, பின்னாலிருந்து மஞ்சள் கலந்த விளக்கை அடித்தால் அது அடங்கும். இரண்டு கேமராக்களும் அசையவே கூடாது. ஒன்று மட்டும் திரும்பினால் மனிதர் தரையில் வழுக்கிக்கொண்டு போவார்.

இந்தத் தொடருக்கென்றே இன்னொரு சிக்கல்: நாயகன் டாக்டர் காலத்திலும் விண்வெளியிலும் பயணிக்கும் டார்டிஸ் பெட்டி நீலம். நீலத் துணிக்கு முன் வைத்தால் பெட்டியே காணாமல் போகும். அதனால் பல காட்சிகளில் மஞ்சள் திரை. மஞ்சளோ தோல் நிறத்துக்கும் பொன்னிற முடிக்கும் பக்கத்து வீடு. விளிம்பு இன்னும் கரடுமுரடானது. எந்த நிறத்தைத் திரைக்குக் கொடுத்தாலும், உடையிலும் அரங்கப் பொருளிலும் அந்த நிறம் இருக்கக் கூடாது.

1974 டிசம்பரில் தொடங்கிய 'ரோபோ' கதையில் இது அப்பட்டமாகத் தெரியும். பளபளக்கும் வெள்ளி உடம்பு திரையின் நிறத்தைக் கண்ணாடிபோல் பிரதிபலித்தது. சுவிட்சுக்கு உடம்பும் திரையும் ஒன்றாகப் பட, ராட்சத ரோபோவின் உடலில் ஆங்காங்கே பின்னணி எட்டிப் பார்த்தது. பளபளப்பை மங்கலாக்கும் பூச்சு ஓரளவுக்குத்தான் கைகொடுக்கும்.

1970இல் பெரும்பாலான வீடுகளில் இன்னும் கறுப்பு வெள்ளைத் தொலைக்காட்சிப் பெட்டிதான். வண்ணத்தில் கண்ணைப் பறிக்கும் சிவப்பும் பச்சையும், வெளிச்ச அளவு ஒன்றானால் அங்கே ஒரே சாம்பலாகிவிடும். ஆகவே அரங்கத்துக்கு வர்ணம் தேர்ந்தெடுப்பவர் வண்ண மானிட்டரோடு கறுப்பு வெள்ளை மானிட்டரையும் பார்த்தாக வேண்டியிருந்தது.