மலையில பேசுத பேச்சுக்கும் நவம்பர் 1 உண்டு

வணக்கம் மக்களே! பேச்சிப்பாறை டேம் பக்கத்துல நிக்கேன். பின்னால தெரியுத மலையிலதான் காணிக்காரங்கன்னு பழங்குடி மக்களோட குடியிருப்பு. தமிழுக்கும் மலையாளத்துக்கும் நெருக்கமா, ஆனா அவங்களுக்குன்னு தனியா ஒரு பேச்சு வச்சிருக்காவ. அதப் பத்திதான் இன்னைக்கு.

1956 நவம்பர் 1, நம்ம கன்னியாகுமரி மாவட்டம் தமிழ்நாட்டோட சேந்த நாள். அதுக்கு முன்னால திருவிதாங்கூர்-கொச்சியில தமிழ் பேசுத நாம சிறுபான்மை. 1954 ஆகஸ்ட் 11-ல தமிழ்நாட்டோட சேக்கணும்னு போராடி மார்த்தாண்டத்துலயும் புதுக்கடையிலயும் போலீஸ் துப்பாக்கிச் சூட்டுல உயிரக் குடுத்திருக்காவ நம்ம ஆளுங்க. அதே நவம்பர் 1-லதான் அரசியல் சட்டத்துல 350ஏ பிரிவும் அமலுக்கு வந்துச்சு. மொழிச் சிறுபான்மைப் பிள்ளைங்களுக்கு ஆரம்பப் பள்ளியில தாய்மொழியில படிக்க வசதி செஞ்சு குடுக்கணும்ங்குது அது. விளவங்கோட்டுப் பக்கம் மலையாளப் பள்ளிக்கூடம் இருக்கு, ரொம்ப நல்ல விஷயம். மலையில உள்ள பிள்ளைக்கு என்ன இருக்கு?

ஒண்ணாம் கிளாஸ்ல உக்காருத காணிப் பிள்ளைய நெனச்சுப் பாருங்க. டீச்சர் சொல்லுதது பாதி புரியாது. வாயத் திறந்தா மத்ததுங்க சிரிக்கும். கொஞ்ச நாள்ல பேசாம இருக்கப் படிச்சிரும். வீட்டுலயும், "ஸ்கூல்ல பேசுத மாதிரியே பேசு மக்களே"ன்னு சொல்லிருவாவ. அந்த அம்மாவ எப்படிக் குத்தம் சொல்ல? பிள்ளை நல்லாருக்கணும்னுதான் சொல்லுதாவ. சென்சஸ்லயும் 10,000 பேருக்குக் கீழ பேசுத மொழிய தனியாப் போட மாட்டாங்க. கணக்குலயே இல்லாததுக்கு யாரு புஸ்தகம் அடிப்பா?

காணிக்காரங்களோட சாட்டுப் பாட்டு கேட்டிருக்கீங்களா? கொக்கரைன்னு இரும்புக் குழல், விளிம்பெல்லாம் பல்லுப் பல்லா வெட்டியிருக்கும். கம்பியால உரசினா கர்ர்... கர்ர்னு நெஞ்சுக்குள்ள கேக்கும். சீக்குல கிடக்கவங்களுக்காக அவங்க பூசாரியும் வைத்தியருமான பிலாத்தி விடிய விடியப் பாடுவார். நான் கேட்டப்போ இளவட்டங்க தாளத்தப் பிடிச்சாவ. வரி வாயில வரல. எனக்கு மனசு கேக்கல மக்களே.

காலேஜ்ல படிக்குத காணித் தம்பி, தங்கச்சிமாரே, பாட்டிமார்ட்ட அனுமதி கேட்டு போன்ல பதிவு பண்ணி வைங்க. அந்தப் பதிவு குடியிருப்புக்குச் சொந்தமா இருக்கட்டும். என்னய மாதிரி யூடியூப்காரன் கேட்டா உடனே தூக்கிக் குடுத்திராதீங்க.

அங்கன்வாடிக்கும் ஒண்ணாம் ரெண்டாம் கிளாசுக்கும் அந்தப் பேச்சு தெரிஞ்ச ஒரு ஆள் வேணும். நவம்பர் 1 அன்னைக்கு நம்ம ஊர்லல்லாம் கிராம சபை கூடும்லா? மலைப் பஞ்சாயத்துல இருக்கவங்க இதத் தீர்மானமா எழுதிக் குடுங்க. கீழ இருக்க நாமளும் போய்க் கூட நிப்போம்.